ஆடியில் சும்மா வந்தவன்

ஊர் சுற்றுவது ஒரு வாழ்க்கை முறை என்று மேடை ஏறிப் பேசுகிறவன் நான். பேச்சுக்கு ஓரளவு கிராக்கியும் உண்டு. சமீபத்தில் ஒரு கல்லூரியில், "மரத்துக்கு வேர் இருக்கிறது, மனிதனுக்குக் கால் இருக்கிறது" என்று சொல்லிவிட்டுக் கைதட்டலுக்காகச் சற்று நிறுத்தினேன். தட்டினார்கள். ஜார்ஜியாவில் ஆட்டு மந்தைக்குப் பின்னால் நடந்தது, வியட்நாமில் தப்பான படகில் ஏறி ஒரு கல்யாண வீட்டில் போய் இறங்கியது என்று கைவசம் சரக்கு இருப்பதால் வண்டி ஓடுகிறது.

இப்பேர்ப்பட்டவனை என் அக்கா திருத்தங்கலுக்கு அனுப்பினாள்.

விஷயம் இதுதான். அக்கா மகள் பிருந்தா மதுரையில் ஒரு பள்ளிக்கூடத்தில் டீச்சர். நிரந்தர வேலை. அவளுக்குத் திருத்தங்கலிலிருந்து ஒரு வரன் வந்தது. பையன் பெயர் மாரீஸ்வரன். காலண்டர் ஆர்டர் எடுக்கிறவர். சிவகாசி வட்டாரத்தில் ஆடிப் பதினெட்டு அன்றுதான் அடுத்த வருடக் காலண்டர்களின் மாதிரி ஆல்பத்தைச் சாமி முன்னால் வைத்துக் கும்பிட்டு வெளியிடுவார்கள். அன்றைக்கே ஆர்டர் எடுக்கிறவர்கள் ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு நாலா திசையிலும் ரயிலேறிவிடுவார்கள். இதற்கு லைனுக்குப் போவது என்று பெயர். மாரீஸ்வரனின் லைன் நாக்பூர், ஜபல்பூர், ராய்ப்பூர். போனால் கார்த்திகையில்தான் திரும்புவார். பிறகு தை, மாசியில் வசூலுக்கு மறுபடியும் கிளம்ப வேண்டும்.

ஜாதகம் ஆனியிலேயே பொருந்திவிட்டது. பெண்ணும் பையனும் போனில் இரண்டொரு முறை பேசியும் விட்டார்கள். அக்காதான் யோசித்து யோசித்து ஆனியை ஓட்டினாள். ஆடி பிறந்துவிட்டது. ஆடியில் சம்பந்தம் பேசக் கூடாது. ஆவணிக்குக் காத்திருக்கலாம் என்றால் ஆவணியில் மாப்பிள்ளை ராய்ப்பூரில் இருப்பார்.

"நீதான் எந்நேரமும் சும்மா சுத்திட்டு இருக்கவன். அந்தப் பக்கமும் சும்மா போன மாதிரி போயிட்டு வா. அது ஆடியில குத்தமாகாது" என்றாள் அக்கா. "கல்யாணத்துக்கப்புறம் இந்தச் சுத்துற பொழப்ப விட்டுட்டு ஊர்ல நிப்பாரான்னு மட்டும் தெரிஞ்சிக்க. அந்த வீட்டுல கை நனைச்சிராத."

சம்பந்தம் முடிவாகும் முன் அந்த வீட்டில் சாப்பிட்டால் சம்மதம் சொன்னதாக ஆகிவிடும் என்பது எங்கள் பக்கத்துச் சட்டம். அதைத்தான் கை நனைப்பது என்கிறோம்.

நோக்கமில்லாமல் திரிவதன் மகிமையைப் பற்றி முப்பது வருடமாக எழுதுகிறேன். நோக்கமில்லாமல் திரிவதாக நடித்துவிட்டு வா என்று ஒரு நோக்கத்தோடு என்னை யாரும் அனுப்பியதில்லை. ஆனால் அக்காவின் கவலையில் எனக்கும் பங்கு இருந்தது. மனிதனுக்குக் கால் இருக்கிறது என்பதெல்லாம் சரி. நம் வீட்டுப் பெண்ணைக் கட்டப் போகிறவன் காலைக் கொஞ்சம் மடக்கி வைத்துக்கொண்டால் நல்லது.

நான் சென்னையில் வீட்டைவிட்டுக் கிளம்பும்போது என் மனைவி சுமதி வழக்கம்போல வாசலில் நின்று, "எப்ப வருவீங்க?" என்று கேட்டாள். ஒவ்வொரு பயணத்துக்கும் கேட்பாள். அந்தக் கேள்வியில் ததும்பும் ஏக்கத்தைப் பற்றித் தனிக் கட்டுரையே எழுதியிருக்கிறேன். பலரும் கண் கலங்கியதாகச் சொன்னார்கள். "சனிக்கிழமை வந்துருவேன்" என்று ஆறுதலாகச் சொல்லிவிட்டுப் புறப்பட்டேன்.

விருதுநகரில் இறங்கியபோது மாலையாகிவிட்டது. பரோட்டாவை எண்ணெயில் முக்கிப் பொரித்து எடுத்து, நொறுக்கி, அதன்மேல் சால்னாவை ஊற்றுகிற ஊர் அது. இஸ்தான்புல்லில் ரொட்டிக்காக வரிசையில் நின்றவன் என்ற முறையில் சொல்கிறேன், அங்கே நின்ற நேரத்தில் இங்கே நின்றிருக்கலாம். எதிரே உட்கார்ந்திருந்த பெரியவர் என் பையைப் பார்த்துவிட்டு, "எங்கன போறீக?" என்றார்.

"சும்மா ஊர் பாக்க வந்தேன்."

அவர் பரோட்டாவை நிறுத்திவிட்டு என்னை ஒருமுறை நன்றாகப் பார்த்தார். "விருதுநகருக்குச் சும்மா யாரு வருவா? பருப்பு வத்தல் வாங்க வருவாக. இல்ல பொண்ணு கேட்டு வருவாக. ஆடியில பொண்ணு கேக்க மாட்டாக. அப்ப நீங்க வத்தல் யாவாரம்தான்" என்று முடிவு கட்டிவிட்டு, சந்தை நிலவரத்தை விளக்க ஆரம்பித்தார். உலகத்தில் வேறு எங்கும் என்னிடம் இவ்வளவு சுருக்கமாக விசாரணை நடந்ததில்லை.

மறுநாள் காலை பஸ்ஸில் முந்தின நாள் பரோட்டா தன் வேலையைக் காட்டியது. திருத்தங்கல் வந்ததும் தெரியாது, போனதும் தெரியாது. கண் விழித்தால் சிவகாசி. சாலையின் இரண்டு பக்கமும் பட்டாசுக் கடைகள். வந்தது வந்தோம் என்று பிருந்தாவுக்காக ஒரு பெட்டி பட்டாசு வாங்கிக்கொண்டு, திருத்தங்கலுக்குத் திரும்பும் டவுன் பஸ்ஸில் ஏறினேன். பாதி வழியில் கண்டக்டர் வந்தார்.

"பொட்டியில என்ன அண்ணாச்சி?"

"பட்டாசு."

விசில் ஊதினார். வண்டி நின்றது. "எறங்குங்க. பஸ்ஸுல ஏத்தக் கூடாதுன்னு தெரியாதா?"

"சிவகாசி பஸ்ஸிலேயே பட்டாசு ஏத்தக் கூடாதா?"

"சிவகாசி பஸ்ஸுலதான் மொதல்ல ஏத்தக் கூடாது" என்றார். பஸ்ஸில் இருந்த அத்தனை பேரும் என்னை வெளிநாட்டுக்காரனைப் போலப் பார்த்தார்கள். டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்கும் தைரியம் வரவில்லை.

அச்சகங்களும் பேப்பர் குடோன்களுமாக இருந்த சாலையில் வெயிலில் நடந்தேன். இப்படித்தான், சும்மா வந்தவனாக இருக்க வேண்டியவன் கையில் பரிசுப் பெட்டியோடும் நெற்றியில் வியர்வையோடும் அந்த வீட்டு வாசலில் போய் நின்றேன்.

கீழே பைண்டிங் கடை, மேலே வீடு. கடையில் நாலைந்து பெண்கள் உட்கார்ந்து காலண்டர் அட்டைகளுக்கு மேல்விளிம்புத் தகரம் அடித்துக்கொண்டிருந்தார்கள். நடுவில் இருந்து எழுந்து வந்தவர்தான் மாரீஸ்வரனின் அம்மா பாக்கியம் அம்மாள். கணவர் இறந்த பிறகு இந்தக் கடையை வைத்துத்தான் மகனை வளர்த்தார் என்று அக்கா சொல்லியிருந்தாள்.

"வாங்க அண்ணாச்சி. சும்மாதான வந்தீக?"

"ஆமாங்க. இந்தப் பக்கமா ஒரு வேலை, அப்படியே..."

"சும்மா வர்றவுக கையில பொட்டியோடயா வருவாக?" என்று சிரித்தார். எனக்குப் பட்டாசு வெடித்ததுபோல் ஆகிவிட்டது. நல்லவேளை, அவரே பேச்சை மாற்றினார்.

மதியம் இலை போட்டுவிட்டார்கள். நான் அக்காவை நினைத்துக்கொண்டு, பசியில்லை, இப்போதுதான் சாப்பிட்டேன், வயிறு சரியில்லை என்று ஒன்றுக்கொன்று பொருந்தாத மூன்று காரணங்களைச் சொன்னேன்.

"கை நனைக்க யோசிக்கீகளாக்கும்" என்றார் பாக்கியம் அம்மாள். "சம்பந்தம் பேச வந்தவுகளுக்குத்தான் அந்தச் சட்டமெல்லாம். நீங்கதான் சும்மா வந்தவுகளாச்சே."

மறுக்க வழியில்லை. மறுத்தால் நான் எதற்கு வந்தேன் என்று ஒப்புக்கொண்டதாக ஆகும். உட்கார்ந்தேன். "உள்ளதுதான்" என்று சொல்லிக் கறிக்குழம்பு, சுக்கா, முட்டை, ரசம், கட்டித் தயிர், கடைசியில் கருப்பட்டி மிட்டாய் என்று வந்துகொண்டே இருந்தது. திருமணங்களில்கூட நான் இப்படிக் கவனிக்கப்பட்டதில்லை.

மோர் குடித்துவிட்டு, உலக நடப்பு பேசுகிறவனைப் போல, "பொதுவா, லைனுக்குப் போறவங்க கல்யாணத்துக்கப்புறமும் போவாங்களா?" என்று கேட்டேன்.

"பொதுவாப் போவாக. நம்ம வீட்டுல போகமாட்டான்" என்றார் உடனே. "இதுக்கு முன்னால மூணு எடம் இதுனாலயே தட்டிப்போச்சு. மாப்பிள்ளை ஊருலயே இருக்கமாட்டாராமேன்னுட்டாக. அவன் சித்தப்பாவுக்கு அச்சங்குளத்துல பட்டாசுக் கம்பெனி இருக்கு. ஆபீசுல ஒரு சீட்டு கேட்டு வச்சிருக்கேன். இந்த ஆடிப் பதினெட்டுக்கு ஆல்பத்த வேற ஆளுகிட்டக் குடுத்துருவான். பொண்ணும் மதுரை வேலைய விட்டுட்டு இங்கனயே வந்துரலாம்."

வந்த வேலை ஒரே சாப்பாட்டில் முடிந்துவிட்டது. மாடியில் நின்று அக்காவுக்குப் போன் செய்து சொன்னேன். "மகமாயி" என்று கும்பிட்டாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "சாப்பிட்டியா?" என்று கேட்டாள். லைன் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன்.

மாரீஸ்வரன் மாலையில் வந்தார். முப்பது வயது, மெலிந்த உருவம். வண்டியை நிறுத்தும்போதே காதில் போனை வைத்து, நாக்பூர்க் கடைக்காரர் ஒருவரிடம் தண்ணீர் ஓடுவதுபோல் இந்தி பேசிக்கொண்டிருந்தார். எனக்குப் புரிந்த அளவில் அதன் தமிழ் இது: "இல்லை சேட், இந்த வருடம் நான் வரமாட்டேன். வேறு தம்பி வருவான். நல்ல பையன்தான். இல்லை, உடம்புக்கு ஒன்றுமில்லை. இல்லை சேட், நீங்கள் ஒன்றும் தப்பாகப் பேசவில்லை." போனை வைத்த பிறகும் கொஞ்ச நேரம் அதைப் பார்த்தபடி நின்றார். அப்புறம் என்னைக் கண்டு, "வாங்க சார், சும்மாதான வந்தீக" என்றார்.

அன்றிரவு அங்கேயே தங்கச் சொல்லிவிட்டு, அடுத்த நாள் இருக்கன்குடி மாரியம்மன் கோயிலுக்குப் போகிறேன், வருகிறீர்களா என்று கேட்டார். வேலைதான் முடிந்துவிட்டதே, சும்மா வந்தவனுக்கு உரிய மரியாதையோடு ஊரையாவது பார்ப்போம் என்று அவர் வண்டியில் பின்னால் ஏறினேன். ஆடி மாதம் என்பதால் வழியெல்லாம் மஞ்சள் சேலைகள். ஒரு டீக்கடையில் நிறுத்தினோம். டீ சொல்வதற்கு முன்னால் மாரீஸ்வரன் நேரே சுவரருகே போய், அங்கே தொங்கிய காலண்டரில் கிழிக்காமல் விட்டிருந்த தாள்களை ஒவ்வொன்றாகக் கிழித்து, அன்றைய தேதிக்குக் கொண்டுவந்தார். கடைக்காரர் ஒன்றும் கேட்கவில்லை. பழக்கமாக இருக்க வேண்டும்.

"பழைய தேதியப் பாத்தா கை சும்மா இருக்காது சார்" என்றார்.

நான் என் பிரசங்கத்தைத் தொடங்கினேன். திரிவது விடுதலை, ஒவ்வொரு ஊரிலும் நாம் புதிதாகப் பிறக்கிறோம், யாருக்கும் நம்மைத் தெரியாது என்பதே பெரிய சுகம் என்றெல்லாம் சொன்னேன். மரம், வேர், கால் எல்லாம் வந்தது. அவர் டீயை ஆற்றியபடி பொறுமையாகக் கேட்டார்.

"எனக்கு அப்படி இல்ல சார். யாருக்கும் தெரியாத ஊருல மொத தடவ போய் நிக்கது இருக்கே, அம்புட்டுக் கேவலமா இருக்கும். வெளிய நில்லும்பாக. நாளைக்கு வாம்பாக. ஆனா மறு வருஷம் அதே கடைக்குப் போனா, நாம குடுத்த காலண்டர் சொவத்துல தொங்கும். தெனம் காலையில எந்திரிச்சு அவுக கையால கிழிச்சிருப்பாக. நேத்து வரைக்கும் கிழிச்சிருக்கும். அதப் பாத்ததும், நாம இங்கனதான் இருந்திருக்கோம், ஒரு வருஷமா இங்கனயேதான் இருந்திருக்கோம்னு தோணும். உக்காருன்னு சொல்லுவாக. அந்த ஒரு உக்காருக்குத்தான் சார் போறது."

நான் போன நாடுகளில் எந்தச் சுவரிலும் என்னுடைய ஆணி ஒன்றுகூட இல்லை. இதை ஒரு பெருமையாக எழுதியிருக்கிறேன்.

"அப்படின்னா ஏன் விடுறீங்க?" என்றேன், சும்மா வந்தவன் கேட்கக் கூடாத கேள்வி என்று தெரிந்தும்.

"போன்ல பேசுறப்ப அவுக மொதக் கேள்வியே, வருஷத்துல எத்தன மாசம் வெளியூருன்னுதான் கேட்டாக. எல்லா எடத்துலயும் கேக்கதுதான. எனக்குப் புரிஞ்சிருச்சு. அம்மாவும் தனியா இருக்காக" என்றார். பிருந்தாவின் பெயரைச் சொல்லவில்லை. ஆடி மாதம் அல்லவா.

கும்பிட்டுவிட்டுத் திரும்பும் வழியில் அச்சங்குளத்துக்கு வண்டியைத் திருப்பினார். சித்தப்பா சீட்டை வந்து பார்க்கச் சொன்னாராம். கம்பெனி வாசலில் என் செல்போனை வாங்கி வைத்துக்கொண்டார்கள். உள்ளே காலணியைக் கழற்றச் சொன்னார்கள். தூரத்தில் தனித்தனியாகச் சின்னச் சின்ன அறைகள், இடையிடையே வேப்பமரம். மருந்து வாசனை தொண்டையில் ஒட்டியது. ஊர் ஊராகப் போகிற பையன் இனிமேலாவது பத்திரமாக இருக்கட்டும் என்று கொண்டுவந்து உட்கார வைக்கிற இடம் இதுதான் என்று நினைத்துக்கொண்டேன்.

ஆபீஸ் அறையில் ஒரு மேஜை, ஒரு நாற்காலி, ஒரு மின்விசிறி. மாரீஸ்வரன் நாற்காலியில் உட்கார்ந்து பார்த்தார். உடனே எழுந்தார். சுவரில் இருந்த காலண்டர் ஆனி மாதத்திலேயே நின்றிருந்தது. கிழிக்கப் போன கையை அப்படியே இறக்கிவிட்டார். எனக்கு மனசுக்குக் கஷ்டமாகிவிட்டது.

வெளியே வந்து போனை வாங்கினால் பிருந்தாவிடமிருந்து ஐந்தாறு அழைப்புகள். மாரீஸ்வரனை வண்டியருகே விட்டுவிட்டு, புளியமரத்தடிக்குப் போய்க் கூப்பிட்டேன்.

"மாமா, அவர் வேலைய விடப்போறாராமே. நெசமா? அம்மா சந்தோஷத்துல பாயாசம் வைக்குது."

"உனக்காகத்தான்மா" என்றேன் பெருமையாக.

"எனக்காக யார் விடச் சொன்னா? நான் சரின்னு நெனச்சதே அவர் போறவர்ங்கிறதுக்காகத்தான். லைனுக்குப் போறவருக்கு வீடு திருத்தங்கல்ல இருந்தா என்ன, மதுரையில இருந்தா என்ன? நான் என் ஸ்கூல விட வேண்டாம். எத்தன மாசம் வெளியூர்னு ஆசையாக் கேட்டேன் மாமா. ஆறு மாசம்னு அவர் பயந்து பயந்து சொன்னார். எனக்கு அவ்வளவு சந்தோஷம். பொறந்ததுலேர்ந்து ஒரு வீட்டுல தனியா ஒரு வாரம் இருந்ததில்ல. வந்தா வர்றப்ப ஆசையாப் பேசிட்டு, போனா என் பாட்டுக்கு இருக்கலாம்னு நெனச்சேன்."

"புருஷன் இல்லாத வீட்டுல என்னம்மா சந்தோஷம்?" முப்பது வருடம் திரிந்தவன் கேட்ட கேள்வி இது.

"அத்தைகிட்டக் கேட்டுட்டுத்தான் மாமா முடிவு பண்ணேன்."

"எந்த அத்தை?"

"சுமதி அத்தைதான். 'உங்க மாமா கிளம்பிப்போன மறுநாள் காலையில, பால்கனியில அவரோட சேர்ல காலத் தூக்கிப் போட்டுக்கிட்டு ஒரு காப்பி குடிப்பேன் பாரு, அதுக்கு ஈடே கெடையாதுடி. அதுக்குத்தான் எப்ப வருவீங்கன்னு கரெக்டாக் கேட்டு வச்சுக்குவேன்'னு சொன்னாங்க."

நான் புளியமரத்தைப் பிடித்துக்கொண்டேன். என் கட்டுரையைப் படித்துக் கண் கலங்கியவர்கள் வரிசையாக நினைவுக்கு வந்தார்கள்.

திரும்பும் வழியில் மாரீஸ்வரனிடம் சொன்னேன். வண்டியை ஓரமாக நிறுத்திவிட்டு, மறுபடி ஒருமுறை சொல்லச் சொன்னார். சொன்னேன். ஹெல்மெட்டைக் கழற்றாமலே முகத்தைத் திருப்பிக்கொண்டார். பிறகு, "அம்மாகிட்ட யாரு சொல்றது?" என்றார். மகன் சொன்னால் அம்மாவை விட்டுவிட்டு மதுரைக்குப் போவதாக ஆகும். பெண் வீட்டார் சொல்வதென்றால் ஆடியில் பேச முடியாது. மிச்சம் இருந்தது சும்மா வந்த நான்தான்.

ஆடிப் பதினெட்டு காலையில் அந்த வீட்டில் விளக்கேற்றி, ஆல்பங்களுக்குச் சந்தனம் குங்குமம் வைத்திருந்தார்கள். அதை வாங்கிக்கொண்டு போக வேறு ஆள் பத்து மணிக்கு வருவதாக ஏற்பாடு. பாக்கியம் அம்மாள் சூடம் காட்டி முடித்துவிட்டு எனக்கு இலை போட்டார். இட்லி, வடை, கேசரி. நான் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தேன்.

"என்ன அண்ணாச்சி, ஆறுதுல்ல."

"நேத்து முந்தாநாள் சாப்பிட்டதெல்லாம் சும்மா வந்தவன் சாப்பிட்டது" என்றேன். "இன்னைக்கு நான் பிருந்தாவோட தாய்மாமனா உட்கார்ந்திருக்கேன். கை நனைக்கச் சம்மதம். ஆனா தம்பி இன்னைக்குச் சாயங்காலம் ரயிலேறணும். லைனை விடக் கூடாது. பொண்ணு மதுரையில வேலையை விடமாட்டா."

தாய்மாமன் என்ற பதவியை நான் வாழ்க்கையில் முதல்முறையாகப் பயன்படுத்தினேன். அக்கா கேட்டால் என்ன சொல்வாள் என்ற பயமும் இருந்தது.

பாக்கியம் அம்மாள் ஆல்பங்களைப் பார்த்தார். மகனைப் பார்த்தார். "அப்ப கார்த்திகையில இவன் மதுரைக்குத்தான் வருவான்" என்றார் மெல்ல. கீழே பெண்கள் தகரம் அடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. எனக்குக் கேசரி வேண்டாம், ஊரும் வேண்டாம் என்று இருந்தது. பெற்ற பிள்ளையைச் சாப்பாட்டு இலைக்கு முன்னால் உட்கார்ந்து கேட்டு வாங்குவது லேசான காரியம் இல்லை.

அவர் முந்தானையால் முகத்தை ஒருமுறை துடைத்துக்கொண்டு, என் இலையில் இன்னொரு வடையை வைத்தார். "சீசன்ல இவன் இருந்தாலும் எனக்குப் பேச நேரங் கெடையாது. போகட்டும்" என்றார். "ஏலே மாரி, துணிய எடுத்து வைலே. அண்ணாச்சி, நானும் சும்மா ஒரு நாள் மதுரைப் பக்கம் வந்தா, அந்தப் பிள்ள சோறு போடுமா?"

"போடுவா" என்றேன். இட்லியைப் பிட்டுக் கை நனைத்தேன்.

மாலை மாரீஸ்வரன் இரண்டு கனமான பைகளைத் தோளில் மாட்டிக்கொண்டு ரயிலேறினார். "வர்றேன் மாமா" என்றார். ஆடி மாதத்தில் அப்படி அழைத்தது குற்றம்தான். பிளாட்பாரத்தில் யாரும் கவனிக்கவில்லை.

வேலை முன்கூட்டியே முடிந்துவிட்டதால் சனிக்கிழமைக்குப் பதில் வெள்ளிக்கிழமை காலையே சென்னை வீட்டுக்கு வந்துவிட்டேன். மணியடித்ததும் கதவு உடனே திறக்கவில்லை. திறந்தபோது சுமதியின் கையில் பாதி குடித்த காப்பி இருந்தது. பின்னால் பால்கனியில் என் நாற்காலி, அதற்கு எதிரே கால் வைக்க ஒரு முக்காலி, விரித்த பேப்பர், ரேடியோவில் பாட்டு. இத்தனை வருடத்தில் என் வீட்டை இப்படி நான் பார்த்ததில்லை. பார்க்க மிக அழகாக இருந்தது.

"நாளைக்குத்தானே வர்றேன்னு சொன்னீங்க?" என்றாள்.

"சும்மா இந்தப் பக்கம் வந்தேன்" என்றேன்.

அவள் என் முகத்தைப் பார்த்தாள். பிருந்தா என்னிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள் என்று அவளுக்குப் புரிந்துவிட்டது. சிரிப்பை அடக்கிக்கொண்டு, வீட்டுக்கு வந்தவர்களிடம் சொல்வதுபோல, "வாங்க, உட்காருங்க, காப்பி சாப்பிடுறீங்களா?" என்றாள். பையை ஓரமாக வைத்துவிட்டு, என் நாற்காலியை விட்டுவிட்டு முக்காலியில் உட்கார்ந்தேன்.

அடுக்களைக்குப் போனவள் பாதி வழியில் திரும்பி, "அடுத்து எப்பக் கிளம்புறீங்க?" என்று கேட்டாள்.

நான் எழுதியது முழுக்கத் தப்பு என்றும் சொல்ல முடியாது. அந்தக் கேள்வியில் ஏக்கம் இருக்கத்தான் செய்தது.